தேவிக்கு இரண்டு பேச்சு: பவுண்டனில் தமிழ்த் திரைக்கதை எழுதிப் பார்த்த அனுபவம்

இரண்டு வருசமாக என் முதல் முழுநீளத் திரைக்கதையைப் பவுண்டன் என்ற முறையில் எழுதி வருகிறேன். பகலில் கிளிநொச்சி ரவுணில் ஒரு கூட்டுறவுச் சங்கத்தில் கணக்கு வேலை. இரவுச் சாப்பாடு முடிந்ததும் பாரதிபுரத்தில் எங்கள் வீட்டு விறாந்தையில் லப்டொப்பைத் திறந்தால் பதினொரு மணி வரை எழுத்து, சில நாள் அதற்கு மேலும் போகும். வன்னியில் என்னைப் போல எழுதுகிற பிள்ளைகள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். குறும்படம் எடுத்தவர்கள், எடுக்க ஆசைப்படுகிறவர்கள். அவர்களில் இரண்டு பேர் “என்னத்தில எழுதிறியள்?” என்று கேட்டார்கள். அவர்களுக்குச் சொன்னதையே இங்கே விளக்கமாக எழுதுகிறேன்.

பவுண்டன் காசு கொடுத்து வாங்குகிற மென்பொருள் இல்லை. ஹொலிவூட்டில் திரைக்கதை எழுதுகிற ஜோன் ஓகஸ்ட், ஸ்டூ மாஷ்விட்ஸ் முதலானவர்கள் 2012இல் வெளியிட்ட ஒரு குறியீட்டு முறை அது. எழுதுவதற்குப் போனில் குறிப்பெழுதும் சாதாரண நோட்பாட் போதும். எது காட்சித் தலைப்பு, எது பாத்திரத்தின் பெயர், எது வசனம் என்பதைச் சின்னச் சின்னக் குறிகளாலும் நடுவில் விடும் வெற்று வரிகளாலும் காட்டினால் சரி. பவுண்டன் தெரிந்த எந்தச் செயலியில் திறந்தாலும் அது திரைக்கதைப் பக்கமாக அடுக்கித் தந்துவிடும். அப்படியான செயலிகளில் இலவசமானவையும் உண்டு, விலைக்கு விற்பவையும் உண்டு. எதில் திறந்தாலும் உங்கள் கையில் இருப்பது வெறும் எழுத்துக் கோப்புத்தான்.

அந்த “வெறும் எழுத்து” எனக்கு ஏன் முக்கியமாகப் பட்டது என்பதற்கு ஒரு கதை இருக்கிறது. நான் எழுதத் தொடங்கியது 2022இல். மார்ச் கடைசியில் 13 மணி நேரம் கரண்ட் இல்லாமல் இருந்த நாட்கள் நினைவிருக்கும். அப்போது நான் வைத்திருந்தது வேறொரு திரைக்கதை மென்பொருள். சோதித்துப் பார்க்கச் சில நாள் இலவசம், பிறகு டொலரில் கட்ட வேண்டும். 200 ரூபாயில் நின்ற டொலர் இரண்டு மூன்று மாதத்தில் 360 ரூபாய்க்குப் போய்விட்டது. நான் கட்டவில்லை. இலவச நாட்கள் முடிந்ததும் என் 22 பக்கத்தையும் அந்தக் கோப்பிலிருந்து வெளியே எடுக்க முடியவில்லை. எழுதியது என்னுடைய சொற்கள், ஆனால் அவற்றை என்னால் வாசிக்க முடியாது. அன்றைக்கு வந்த ஆத்திரம் இன்னும் அப்படியே இருக்கிறது.

அதற்குப் பிறகு சில மாதம் சீ.ஆர். கொப்பியில் பேனையால் எழுதினேன். கொப்பி நிறைந்ததும் ஒரு கொமியூனிகேசனில் கொடுத்து ரைப் செய்வித்தேன். அவர்கள் பாமினி எழுத்துருவில் அடித்துத் தந்தார்கள். எங்கள் பக்கத்தில் கலியாணக் காட், மரண அறிவித்தல், கோயில் நோட்டீஸ் எல்லாமே நீண்ட காலம் பாமினியில் ஓடியவைதான், அதைக் குறை சொல்ல முடியாது. ஆனால் பாமினி இல்லாத போனில் அந்தக் கோப்பைத் திறந்தால் “அம்மா” என்று இருக்க வேண்டிய இடத்தில் ஆங்கிலத்தில் எம், கே, ஓர் அரைப்புள்ளி, பிறகு கே, எச் என்று நிற்கும். யாழ்ப்பாணத்தில் இருக்கிற ஒரு தோழிக்கு அனுப்பினேன். “என்னடி, வைரஸா அனுப்பியிருக்கிறாய்?” என்று கேட்டாள். யுனிகோட்டில், வெறும் எழுத்தாக, எந்தப் போனிலும் திறக்கிற மாதிரி எழுதினால்தான் சரிவரும் என்று தேடியபோதுதான் பவுண்டன் கிடைத்தது.

முதல் இரவே அடி விழுந்தது. கொப்பியில் இருந்த ஆறு காட்சிகளை யுனிகோட்டில் அடித்து, ஓர் இலவசச் செயலியில் போட்டுப் பார்த்தேன். எல்லாம் இடது பக்கம் ஒட்டிய பந்திகளாக வந்தன. ஒரு வசனம்கூட நடுவுக்குப் போகவில்லை. காரணம் இதுதான்: பவுண்டன் பாத்திரத்தின் பெயரைக் கண்டுபிடிப்பது ஆங்கிலப் பெரிய எழுத்தை வைத்து. பெயர் முழுவதும் பெரிய எழுத்தில் இருந்து அதன் கீழ் வரியும் இருந்தால் அதை வசனம் என்று எடுத்துக்கொள்ளும். தமிழில் பெரிய எழுத்து, சின்ன எழுத்து என்று எதுவும் இல்லையே. என் பாத்திரத்தின் பெயரைத் “தேவி” என்று எழுதினால் அதற்கு அது ஒரு செயல் விவரணை மட்டும்தான். காட்சித் தலைப்பும் அப்படித்தான், உள்ளே, வெளியே என்பதற்கான ஆங்கிலச் சுருக்கத்தைத்தான் அது தேடும்.

இதற்கு வழி பவுண்டனுக்குள்ளேயே இருக்கிறது. பெயருக்கு முன்னால் @ போட்டால் எந்த மொழிப் பெயரானாலும் பாத்திரப் பெயர்தான். வரியின் முதலில் ஒரு புள்ளி வைத்தால் அது காட்சித் தலைப்பு. ஒரு புள்ளிதான், மூன்று புள்ளி வைத்தால் ஆகாது. காட்சி மாற்றத்துக்கு முன்னால் > போடலாம். பெயருக்கும் வசனத்துக்கும் நடுவில் வெற்று வரி விடக் கூடாது, விட்டால் வசனம் கழன்றுவிடும். தமிழில் எழுதத் தெரிய வேண்டியது இவ்வளவுதான். என் கோப்பிலிருந்து ஒரு துண்டு:

.உள். தேவியின் வீடு, அடுப்படி - மாலை

அம்மாயி ரொட்டிக்கு மா பிசைகிறார். தேவி வாசலில் செருப்பைக் கழற்றுகிறாள்.

@தேவி (வாங்க)
இன்னைக்கும் ரொட்டியா?

@அம்மாயி
ஆமா. மாவு இருக்கு, தேங்கா இருக்கு. வேற என்னா வேணும்?

போன் அடிக்கிறது. தேவி முற்றத்துக்குப் போகிறாள்.

@தேவி (வாங்கோ)
ஓம் அண்ணை, சொல்லுங்கோ. நாளைக்குக் காலமை கொண்டுவாறன்.

அடைப்புக்குள் இருக்கும் “வாங்க”, “வாங்கோ” என்ன என்று கேட்பீர்கள். பவுண்டனில் பெயருக்குப் பக்கத்தில் அடைப்புக்குறி போட்டு, குரல் மட்டும் கேட்கிறது, போனில் பேசுகிறார் என்ற மாதிரிக் குறிப்புகளை எழுதலாம். அந்த வசதியை நான் வேறு விதமாக எடுத்துக்கொண்டேன்.

எங்கள் அம்மாயி (அம்மாவின் அம்மா) 1977 கலவரத்துக்குப் பிறகு பதுளைப் பக்கத்துத் தோட்டமொன்றிலிருந்து வன்னிக்கு வந்தவர். கிளிநொச்சியில் இப்படி வந்து குடியேறிய குடும்பங்கள் நிறைய. நான் பிறந்தது இங்கே, படித்தது இங்கே, 2009இல் எல்லாரோடும் சேர்ந்து நடந்ததும் இந்த மண்ணில்தான். ஆனாலும் புதிதாக ஒருவரைச் சந்தித்தால் “சொந்த இடம் எது?” என்பார்கள். கிளிநொச்சி என்று சொன்னால், “அதில்லை, அதுக்கு முதல்?” என்று அடுத்த கேள்வி வரும். வீட்டில் நாங்கள் “ஆமா, வாங்க” என்று பேசுவோம். பள்ளிக்கூடத்தில் முதல் வகுப்பிலேயே “ஓம், வாங்கோ” என்று மாற்றிக்கொண்டேன். யாரும் அடித்துச் சொல்லித் தரவில்லை, ஒரு பிள்ளை சிரித்தது போதுமாக இருந்தது. என் படத்தின் தேவியும் இப்படித்தான். கந்தோரில் ஒரு பேச்சு, அடுப்படியில் ஒரு பேச்சு. போனில் அவள் குரல் மாறுவதைக் கேட்டே யார் எடுத்திருக்கிறார்கள் என்று அம்மாயி சொல்லிவிடுவார்.

அதனால் தேவி பேசுகிற ஒவ்வொரு இடத்திலும் அடைப்புக்குறியில் எந்தப் பேச்சு என்று போட்டேன். செயலிக்கு இரண்டும் ஒரே தேவிதான், அடைப்புக்குறியை அது பெயரோடு சேர்த்து எண்ணுவதில்லை. அச்சுக்குப் போகிற பிரதியில் ஒரே தேடலில் எல்லாவற்றையும் அழித்துவிடலாம். வெறும் எழுத்துக் கோப்பாக இருப்பதால் இப்படித் தேடுவது, மாற்றுவது, எண்ணுவது எல்லாம் ஒரு நிமிட வேலை.

இதில் ஒரு நல்ல விசயம், நான் பயன்படுத்துகிற சாதாரண எழுத்துச் செயலி என் வசனத்தைத் திருத்த வருவதில்லை. “வாறன்” என்றால் வாறன்தான். போனில்தான் கவனம் வேண்டும். விசைப்பலகையின் தானாகத் திருத்தும் வசதியை நிறுத்தாவிட்டால் “இருக்கிறியள்” என்று அடித்தது வேறு ஏதோவாகப் போய் நிற்கும். நான் போனில் செல்லினம் விசைப்பலகை பாவிக்கிறேன், லப்டொப்பில் தமிழ் 99 விசைப்பலகை. போனில் ஒவ்வொரு பெயருக்கும் குறிகளின் பக்கத்துக்குப் போய் @ எடுப்பது அலுப்பான வேலை. நான் பெயரை மட்டும் அடித்துவிட்டு, வீட்டுக்கு வந்து லப்டொப்பில் ஒரேயடியாக மாற்றிவிடுவேன்.

மாதம் ஒரு முறை வேலை விசயமாக வவுனியாவுக்குப் பஸ்ஸில் போவேன். ஏ9 வீதியில் முறிகண்டியில் பஸ் நின்று, ஆட்கள் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்து, கச்சான் வாங்கி ஏறும் வரை பத்து நிமிடம் கிடைக்கும். என் திரைக்கதையில் ஆகச் சிறந்த மூன்று வசனம் அந்தப் பத்து நிமிடங்களில் கேட்டவை. கேட்ட கையோடு போனில் அதே கோப்பில் எழுதிவிடுவேன். தமிழ் எழுத்து ஒவ்வொன்றும் கோப்பில் மூன்று பைட்டோ அதற்கு மேலோ பிடிக்கும், அப்படியிருந்தும் முழுத் திரைக்கதையும் ஒரு போட்டோ அளவுகூட வராது. ஒவ்வொரு இரவும் எனக்கே வட்ஸ்அப்பில் அனுப்பி வைக்கிறேன். சிக்னல் குறைந்த இடத்திலும் போய்ச் சேர்ந்துவிடும்.

சரி, குறைகள்.

பெரிய குறை பக்கம். திரைக்கதையில் ஒரு பக்கம் ஒரு நிமிடம் என்று ஒரு கணக்குச் சொல்வார்கள். அந்தக் கணக்கு கூரியர் எழுத்துருவை வைத்து வந்தது. 12 புள்ளி அளவு, எல்லா எழுத்துக்கும் ஒரே அகலம், ஓர் அங்குலத்துக்குப் பத்து எழுத்து. பவுண்டன் செயலிகள் பலவும் கூரியர் பிரைம் என்ற இலவச எழுத்துருவில்தான் பக்கத்தை அடுக்குகின்றன. அந்த எழுத்துருவில் தமிழே கிடையாது. நான் முதலில் பாவித்த செயலி பீ.டி.எஃப். ஆக்கியபோது முழுப் பக்கமும் வெற்றுக் கட்டங்களாக வந்தது. திரையில் ஒழுங்காகத் தெரிந்தது, அச்சில் கட்டம். இப்போது அடுக்கிய பக்கத்தை லிப்ரே ஒபிஸ் என்ற எழுத்துச் செயலிக்குக் கொண்டுபோய், நோட்டோ சான்ஸ் தமிழ் எழுத்துருவைக் கொடுத்து, அங்கிருந்து பீ.டி.எஃப். எடுக்கிறேன். ஒரு படி கூடுதல்தான், ஆனாலும் ஒவ்வொரு முறையும் செய்ய வேண்டியிருக்கிறது.

அப்படி எடுத்தாலும் நிமிடக் கணக்கு பொருந்தாது. தமிழில் “கொண்டுவந்திருக்கமாட்டார்களா” என்பது ஒரே சொல். வசனம் நிற்கிற பத்தி ஒடுக்கமானது, இப்படி ஒரு சொல் வந்தால் வரியில் மிச்ச இடத்தை விட்டுவிட்டு அடுத்த வரிக்கு இறங்கிவிடும். பக்கம் சீக்கிரம் நிறைந்துவிடும். ஒரு ஞாயிற்றுக்கிழமை தங்கச்சியையும் மச்சாளையும் இருத்தி, போனில் நேரம் வைத்து, பேச்சு அதிகமுள்ள பத்துப் பக்கத்தை நடிப்பது போல வாசித்தோம். ஏழரை நிமிடம்தான் வந்தது. மாறாக, அம்மாயி கிணற்றடியில் தனியே வாளியோடு நிற்கிற காட்சி எழுத்தில் நாலு வரி. அதை மனதுக்குள் ஓட்டிப் பார்த்தால் ஒரு நிமிடத்துக்குக் கிட்டப் போகிறது. ஆகவே பக்கத்தை எண்ணிப் படத்தின் நீளத்தைச் சொல்லாதீர்கள். வாசித்து அளந்து பாருங்கள். போட்டிக்கோ விழாவுக்கோ இத்தனை பக்கம் என்று கேட்டால் நிமிடத்தையும் சேர்த்து எழுதி அனுப்பலாம்.

இன்னொன்று, இதைக் குறை என்று சொல்லலாமா தெரியவில்லை. வேண்டாத காட்சியை அழிக்காமல் ஒதுக்கி வைக்கப் பவுண்டனில் ஒரு வழி இருக்கிறது. முன்னால் சாய்கோடும் நட்சத்திரமும், பின்னால் நட்சத்திரமும் சாய்கோடும் போட்டால் அந்தப் பகுதி கோப்பில் இருக்கும், பக்கத்தில் வராது. மிகவும் உதவியான வசதி, நான் அடிக்கடி பாவிக்கிறேன். அதற்கு அவர்கள் வைத்திருக்கிற பெயர்தான், எலும்புகள் கிடக்கிற இடம் என்று பொருள்படும். வேறு ஊரில் அது சாதாரணச் சொல்லாக இருக்கலாம். 2023இல் முல்லைத்தீவு மாவட்டத்துக் கொக்குத்தொடுவாயில் தண்ணீர்க் குழாய் போட வெட்டிய கிடங்கில் மனித எலும்புகள் வெளிவந்த பிறகு என்னால் அந்தப் பெயரை வாயால் சொல்ல முடியவில்லை. நான் ஒதுக்கி வைத்த காட்சிகளில் 2009 மே மாதத்துக் காட்சி ஒன்றும் இருக்கிறது. அதை எழுத இன்னும் எனக்குப் பலமில்லை. நான் அந்த இடத்தைப் பரண் என்று சொல்கிறேன். கீழே வேண்டாத சாமானைப் பரணில் ஏற்றி வைப்போம், தேவைப்படும் நாளில் இறக்குவோம். நீங்களும் அப்படியே சொல்லுங்கள்.

இரட்டைச் சதுர அடைப்புக்குள் குறிப்பு எழுதும் வசதியும் உண்டு, அதுவும் அச்சில் வராது. சமன் குறி போட்டுக் காட்சியின் சுருக்கம் எழுதலாம். இவை வேலை செய்கின்றன, அதிகம் சொல்ல எதுவும் இல்லை.

யாருக்கு இது ஒத்துவராது என்றும் சொல்ல வேண்டும். படப்பிடிப்பு அட்டவணை, நடிகர் பட்டியல் என்று எல்லாம் ஒரே இடத்தில் வேண்டும் என்கிற பெரிய குழுவுக்குப் பவுண்டன் மட்டும் காணாது. வேறு நாட்டுத் தயாரிப்பாளர் பைனல் ட்ராஃப்ட் என்ற திரைக்கதை மென்பொருளின் கோப்புத்தான் வேண்டும் என்று கேட்டால், பவுண்டனிலிருந்து அந்தக் கோப்புக்கு மாற்றித் தருகிற செயலிகள் இருக்கின்றன, ஆனால் அதையும் நீங்களே செய்துகொள்ள வேண்டும். தனியாக இருந்து, பழைய லப்டொப்பில், போனில், தமிழில் எழுதுகிறவருக்கு இதைவிட நல்லதை நான் இதுவரை காணவில்லை. யாழ்ப்பாணத்தில் 2015இல் தொடங்கிய சர்வதேச சினிமா விழாவுக்கு இரண்டு முறை போய்ப் படம் பார்த்துவிட்டு வந்து, நாங்கள் எப்படி இதைச் செய்யப் போகிறோம் என்று மலைத்து இருந்திருக்கிறேன். எழுத்து வேலைக்காவது காசு தடையில்லை என்று இப்போது துணிந்து சொல்வேன்.

அப்புறம், இந்த முறையால் எனக்குக் கிடைத்த பெரிய உதவியைச் சொல்ல வேண்டும். போன மாசி மாதம் முதல் பிரதி முடிந்தது. கரடிப்போக்குப் பக்கத்தில் ஒரு கொமியூனிகேசனில் பிரின்ற் எடுத்துக்கொண்டு வந்து வாசித்தேன். பின்பாதி எனக்குப் பிடிக்கவில்லை. கதை சரி, சம்பவம் சரி, எங்கே பிழை என்று பிடிபடவில்லை. கோப்பைத் திறந்து “@தேவி (வாங்க)” என்று தேடினேன். முன்பாதியில் 41 இடம். பின்பாதியில் மூன்று.

நான் அப்படித் திட்டமிடவே இல்லை. தேவி கந்தோரில் மேலே போகப் போக, வீட்டுக் காட்சிகள் குறைந்து, அம்மாயியோடு பேசுவதும் குறைந்து, கடைசியில் அம்மாயியிடமே அவள் ஓரிடத்தில் “ஓம்” என்கிறாள். எழுதியது நான். எழுதிய எனக்கே தெரியாது. அன்று இரவு விறாந்தையில் இருந்து நெடுநேரம் அந்த மூன்று இடத்தையும் பார்த்துக்கொண்டிருந்தேன். உள்ளே அம்மாயி இருமிக்கொண்டு, “தூங்கலையா இன்னும்?” என்றார். நான் “ஓம், இந்தா வாறன்” என்றேன்.

அதற்குப் பிறகு ஒரு புதுக் காட்சி எழுதினேன். தேவியின் கந்தோருக்கு ஒரு வயதான அம்மா படிவத்தோடு வருகிறார். எந்த வரியில் என்ன எழுதுவது என்று அவருக்குத் தெரியவில்லை. பக்கத்து மேசையில் ஆட்கள் இருக்கிறார்கள். அவர் தயங்கி, “இது என்னான்னு பாருங்க, அம்மா” என்கிறார். தேவி நிமிர்ந்து பார்க்கிறாள். எழும்பித் தன் கதிரையை இழுத்துப் போடுகிறாள்.

@தேவி
உக்காருங்க அம்மாயி. நான் எழுதித் தாறேன்.

இதில் “உக்காருங்க” வீட்டுப் பேச்சு. “தாறேன்” அம்மாயி வாயில் வராது, கந்தோர்க்காரர் வாயிலும் வராது, இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. திருத்தலாமா என்று பார்த்தேன், அவள் அப்படித்தான் சொல்வாள் என்று பட்டது. கோப்பு முழுவதிலும் அந்த ஓர் இடத்தில் மட்டும் தேவிக்குப் பக்கத்தில் அடைப்புக்குறி இல்லை.